ரஸ்க்குக்கு அளவெடுத்த பெட்டி

1

எழுதத் தெரிந்தவர்கள் எழுதும் பக்கத்தில் இடம் பிடித்துக்கொண்டதற்கு முதலில் மன்னித்துக்கொள்ளுங்கள். என் படிப்பு பத்தாம் வகுப்போடு நின்றது. அதற்குப் பிறகு நான் எழுதியதெல்லாம் ரவிக்கை அளவுகள்தான். தோள், மார்பு, கை நீளம், கழுத்து இறக்கம். நாலு பேர் இருக்கும் இடத்தில் வாயைத் திறக்கவே கூச்சப்படுகிறவள். டொராண்டோவுக்குப் பக்கத்தில் ஒரு சலவைக் கடையில் துணி திருத்தும் வேலை செய்கிறேன். சொல்லப்போவது ஒரு நாய்க்குப் பெட்டி தேடிய கதை. அதில் என்னைப் பற்றி நல்லதாக அதிகம் வராது என்பதையும் முன்பே சொல்லிவிடுகிறேன்.

சென்ற வாரம் கடைக்கு ஒரு வெள்ளைக்கார அம்மா வந்தார். சின்ன மழைக்கோட்டு ஒன்றை மேஜையில் வைத்து, "என் பேபிக்கு இறுக்கமாகிவிட்டது, பிரித்து விடுங்கள்" என்றார். நான் மரியாதைக்கு, "எந்த வகுப்பு படிக்கிறான்?" என்று என் ஆங்கிலத்தில் கேட்டேன். அந்த அம்மா ஒரு நிமிடம் என்னைப் பார்த்துவிட்டு, சிரித்துக்கொண்டே காருக்குப் போய் ஒரு நாயைக் கூட்டிவந்தார். கடை முதலாளியும் சிரித்தார். ஏழு வருடம் இந்த ஊரில் இருந்தும் எனக்கு இப்படித்தான் ஆகிறது.

குனிந்து அதன் மார்பைச் சுற்றி இன்ச் டேப்பைப் போட்டேன். அசையாமல் நின்றது. முன்பின் தெரியாத நாய், எனக்கு ஒழுங்காக அளவு கொடுத்தது. எங்கள் ரஸ்க் கொடுக்கவில்லை. அது நடந்து போன மாதத்தோடு ஒரு வருடம் ஆகிறது.

2

எங்கள் வீடு ராஜகீழ்ப்பாக்கத்தில். கீழே நாங்கள். மாடியில் என் கணவரின் தம்பியும் அவர் மனைவி மல்லிகாவும். கொழுந்தனார் சிறுசேரிக்குக் கம்பெனி வேன் ஓட்டுகிறார். அவர்கள் மகன் விடுதியில் தங்கிப் படிக்கிறான். என் மகள் நிவேதாவுக்கு ஆறு வயதாக இருந்தபோது, பஸ் நிறுத்தத்து டீக்கடையில் அவள் கையில் இருந்த ரஸ்க்கை ஒரு தெருநாய்க் குட்டி பிடுங்கித் தின்றது. அதையே தூக்கிக்கொண்டு வந்துவிட்டாள். நிறமும் ரஸ்க் நிறம்தான். பெண் குட்டி. அப்படித்தான் அந்தப் பெயர்.

இரண்டு வருடம் கழித்து என் கணவருக்கு இங்கே ஓர் உணவகத்தில் சமையல் வேலை கிடைத்தது. நாங்கள் கிளம்பினோம். ரஸ்க்கை மல்லிகாவிடம் விட்டுவிட்டு வந்தோம்.

மல்லிகாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். வாய் ஓயாது. பால்காரர், கேஸ் போடுகிறவர், எதிர் வீட்டு ரிட்டயர்டு வாத்தியார், எல்லோரும் அவளிடம் நின்று ஐந்து நிமிடம் பேசிவிட்டுத்தான் போவார்கள். நான் அந்தத் தெருவில் பன்னிரண்டு வருடம் இருந்தேன். "மல்லிகா வீட்டுக் கீழ் போர்ஷன்" என்றுதான் என்னைச் சொல்வார்கள். எனக்கு அவள் மேல் பொறாமை. வேறு நல்ல வார்த்தை தேடிப் பார்த்தேன், கிடைக்கவில்லை.

ஊரை விட்டு வந்தால் அது போய்விடும் என்று நினைத்தேன். கடல் தாண்டி வந்தும் போகவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் போன் கார்டு போட்டு ஊருக்குப் பேசுவோம். நிவேதாவுக்கு இப்போது பதினைந்து வயது. வீட்டில் என்னிடம் பேசுவது மூன்று ஆங்கில வார்த்தைகள்தான். ஃபைன், ஓகே, வாட். அதே பெண் போனில் சித்தியிடம் ராஜகீழ்ப்பாக்கத்துத் தமிழில் முக்கால் மணி நேரம் சிரித்துக்கொண்டு பேசுவாள். மல்லிகா போனை நாயின் காதில் வைப்பாள். "ரஸ்க்கு, யாரு பாரு, பாப்பாடீ!" என்று கத்துவது அடுப்படி வரைக்கும் கேட்கும். நிவேதா தரையில் உருண்டு சிரிப்பாள். கடைசியில் போன் என்னிடம் வரும். "நல்லா கீறீங்களாக்கா? சாப்ட்டாச்சா?" "ஆச்சும்மா." கார்டில் நேரம் முடிந்துவிடும்.

போன வருடம், பதினான்காவது பிறந்த நாளுக்கு என்ன வேண்டும் என்று நிவேதாவைக் கேட்டேன். "ரஸ்க்" என்றாள். வேறு எதுவும் வேண்டாமாம்.

நாய் வந்தால் மகள் அறையை விட்டு வெளியே வருவாள் என்பது நான் கணவரிடம் சொன்ன காரணம். நாய் வந்துவிட்டால் ஞாயிற்றுக்கிழமை மல்லிகாவிடம் பேச இவளுக்கு என்ன இருக்கும் என்பது இன்னொரு காரணம். அதை யாரிடமும் சொல்லவில்லை. நான்கு வார விடுப்பில் தனியாக ஊருக்குக் கிளம்பினேன்.

3

ரஸ்க் என்னை மறக்கவில்லை. அதுதான் இன்னும் கஷ்டமாக இருந்தது. கேட்டருகே வந்து கையை மோந்து பார்த்தது, இரண்டு முறை வாலை ஆட்டியது. கல்யாண வீட்டில் தூரத்து உறவுக்காரரை விசாரித்துவிட்டு நகர்கிற மாதிரி நகர்ந்து, மல்லிகாவின் காலின் மேல் போய் உட்கார்ந்துகொண்டது. பக்கத்தில் இல்லை, காலின் மேலேயே.

"யாருன்னு தெர்ல? ஒன் ஓனருடி!" என்றாள் மல்லிகா. அதுவும் எனக்குக் குத்தலாகப் பட்டது.

நகரத்துக்குள் ஒரு கடையில் விமானத்துக்கு ஏற்ற பிளாஸ்டிக் கூண்டு விற்கிறார்கள் என்று மின்சார ரயிலில் போய்ப் பார்த்தேன். இருந்ததில் ஒன்று பூனைக்குத்தான் சரியாக இருக்கும். அடுத்த அளவு வேண்டுமென்றால் சொல்லிவைக்க வேண்டும், எப்போது வரும் என்று சொல்ல முடியாது என்றார்கள். கம்பிக் கூண்டு விமானத்துக்கு ஆகாதாம், கால் மாட்டிக்கொள்ளும். மரத்தில் செய்யலாம், அளவு சரியாக இருக்க வேண்டும் என்று சொல்லி, கடைக்காரர் ஒரு தாளில் படம் போட்டுக் கொடுத்தார். மூக்கு நுனியிலிருந்து வால் தொடங்கும் இடம் வரை ஓர் அளவு. முன்னங்கால் முட்டி உயரத்தில் பாதியை அதனோடு கூட்டினால் பெட்டியின் நீளம். தோள் அகலத்தைப் போல இரண்டு மடங்கு பெட்டியின் அகலம். உயரத்துக்கு, நாய் நிற்கும்போது காது நுனி வரை எடுக்க வேண்டும்.

அளவெடுப்பது என் தொழில். வீட்டுக்கு வந்ததும் டேப்பை எடுத்தேன். ரஸ்க் நிற்கவே இல்லை. டேப்பைப் பார்த்ததும் கட்டிலுக்கு அடியில் போய்விட்டது. மல்லிகா வந்து, "ஏய், வா இங்க, நில்லு" என்றாள். வந்து நின்றது, போட்டோவுக்கு நிற்கிற மாதிரி.

மூக்கிலிருந்து வால் வரை இருபத்தெட்டு அங்குலம். தோள் ஏழு. உயரம் எடுக்கும்போதுதான் சிக்கல். அதன் காதுகள் மடிந்து கிடந்தன.

"ரஸ்க்" என்று கூப்பிட்டேன். கண்ணை மட்டும் திருப்பியது. இருபத்து மூன்று.

"ரஸ்க்கு!" என்றாள் மல்லிகா. இரண்டு காதும் விறைத்து நின்றன. இருபத்தைந்தரை.

"எதக்கா எழுதிக்கப் போறீங்க?" என்று கேட்டாள். வேண்டுமென்றே கேட்கவில்லை. ஆனாலும் எனக்குச் சுட்டது. இருபத்தைந்தரை என்று எழுதிக்கொண்டேன்.

4

கேம்ப் ரோடு பக்கம் பட்டறை வைத்திருக்கும் காதர் பாய்தான் எங்கள் வீட்டுக் கதவு ஜன்னலெல்லாம் செய்தவர். அளவுத் தாளை வாங்கிப் பார்த்து, "இன்னாம்மா, நாய்க்கா, கன்னுக்குட்டிக்கா?" என்றார்.

தப்பு என்னுடையது. எங்கள் தொழிலில் யாருக்கும் எடுத்த அளவுக்கே தைப்பதில்லை. உள்ளே துணி விட்டுத்தான் தைப்போம். வளருகிற பிள்ளை, உடம்பு போடுகிற பெண், யாராக இருந்தாலும் நாளைக்குப் பிரித்துக்கொள்ள இடம் வேண்டும். யூனிஃபார்ம் என்றால் இரண்டு வருடத்துக்குத் தாங்குகிற மாதிரி தைத்துக் கொடுத்துத்தான் பெயர் வாங்கியிருக்கிறேன். நாய்க்கும் அப்படியே செய்துவிட்டேன். குளிருக்கு ஒரு ஸ்வெட்டர் போட வேண்டும், அதற்கு இரண்டு அங்குலம். கீழே மெத்தை, அதற்கு மூன்று. கனடாவில் நன்றாகச் சாப்பிட்டுக் குண்டாகும், பக்கத்துக்கு மூன்று.

பாயும் தன் பங்குக்குக் கூட்டினார். "ப்ளைவுட்டு எட்டடி வரும். பாதியா அறுத்தா நாலடி. அத இன்னும் வெட்டினா துண்டு வேஸ்ட்டாப் பூடும். நாலடியாவே இருக்கட்டும்மா. நாயும் கால நீட்டிப் படுக்கட்டும்."

பெட்டி வந்து இறங்கியபோது தெருவே கூடிவிட்டது. நாலடி நீளம், மூன்றடி உயரம், இரண்டரை அடி அகலம். மூன்று பக்கம் காற்றுத் துளைகள், முன்னால் கம்பி வலை போட்ட கதவு, தாழ்ப்பாள். எதிர் வீட்டு வாத்தியார் சுற்றி வந்து பார்த்துவிட்டு, "அட்டாச்டு பாத்ரூம் எங்கேம்மா?" என்று கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள். நான் உள்ளே போய்விட்டேன்.

கிளம்புவதற்குள் நாய் பெட்டிக்குப் பழகியிருக்க வேண்டும், பழகாத நாய் கதவைக் கடித்துப் பல்லை உடைத்துக்கொள்ளும் என்று கால்நடை டாக்டர் சொல்லியிருந்தார். என் பழைய புடவையை நான்காக மடித்து உள்ளே விரித்தேன். பிஸ்கட் வைத்தேன். கோழி ஈரல் வைத்தேன். ரஸ்க் கழுத்தை நீட்டி ஈரலை மட்டும் எடுத்துக்கொண்டு பின்னால் போய்விடும். மூன்று நாள் இப்படியே போனது. நாலாவது நாள் மல்லிகாவே தன் நைட்டி ஒன்றைக் கொண்டுவந்து புடவைக்கு மேல் போட்டாள். அப்போதும் போகவில்லை. எனக்கு உள்ளூர ஒரு திருப்தி வந்தது.

5

நாய்க்கும் காகிதம் வேண்டும். ஊசி போட்ட புத்தகம், உடல்நலச் சான்றிதழ், அனுமதிப் படிவம். அனுமதி கொடுக்கும் அலுவலகத்தில் இருந்தவர் ஊசிப் புத்தகத்தைப் புரட்டிவிட்டு, "உரிமையாளர் மல்லிகான்னு போட்டிருக்கு. நீங்க யாரு மேடம்?" என்று கேட்டார்.

"என் நாய்தான் சார்."

"புத்தகம் அப்படிச் சொல்லலையே."

உண்மைதான். ஆறு வருடமும் ஒவ்வோர் ஊசிக்கும் அவள் பெயர்தான். அவளிடமிருந்து ஒரு கடிதம் வாங்கிவரச் சொன்னார். "என் வளர்ப்பு நாயை என் ஓரகத்திக்கு மனமுவந்து கொடுக்கிறேன்" என்று நானே எழுதி மாடிக்கு எடுத்துப்போனேன். மல்லிகா படிக்கக்கூட இல்லை. மாவு அரைத்த கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாள். ஒரு பார்வை முறைத்திருந்தால்கூட எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும்.

மறுநாள் மத்தியானம் தாம்பரம் மார்க்கெட்டுக்குப் போய்விட்டு வந்தேன். கேட்டைத் திறக்கும்போதே பேச்சுக் குரல் கேட்டது. ஆளைக் காணோம். பிறகுதான் பெட்டியைப் பார்த்தேன். மல்லிகா உள்ளே சம்மணம் போட்டு, தலையைக் குனிந்து உட்கார்ந்திருந்தாள். அவள் மடியில் ரஸ்க்கின் தலை. என்னை அவள் பார்க்கவில்லை.

"இன்னாடி, மூஞ்சத் தூக்கி வச்சிகினு கீற? ப்ளேன்ல போற மூஞ்சா இது?" என்று அதன் காதைத் தடவிக்கொண்டே பேசினாள். "அங்க போய் என் மானத்த வாங்காத. அக்கா வாயத் தொறந்து கூப்ட மாட்டாங்க. கூச்சம் அவங்களுக்கு. நீதான் போய் மேல வுழணும், தெர்தா? அவங்களா கூப்டுவாங்கன்னு குந்திகினு இருந்தியோ, அவ்ளோதான். பாப்பாவும் அப்டித்தான் குந்திகினு கீது."

இதைக் கேட்டு என் மனம் இளகிவிட்டது என்று எழுதினால் படிக்க நன்றாக இருக்கும். இளகவில்லை. கோபம்தான் வந்தது. என்னைப் பற்றி, என் மகளைப் பற்றி, ஒரு நாய்க்கு எடுத்துச் சொல்கிற அளவுக்கு இவளுக்குத் தெரிந்திருக்கிறது. எனக்கு அவளைப் பற்றி அப்படி என்ன தெரியும்? பையைச் சத்தமாகக் கீழே வைத்தேன்.

"வந்துட்டீங்களாக்கா? பாத்தீங்களா, உள்ள வந்துட்ச்சு!" என்று குழந்தை மாதிரி சிரித்தாள்.

அன்று முதல் தினமும் அப்படித்தான். அவள் முதலில் நுழைவாள், ரஸ்க் பின்னால் நுழையும். சில நாள் அங்கேயே உட்கார்ந்து கீரை ஆய்வாள். தெருவில் போகிறவர்கள், "மல்லிகா, வீடு மாத்திட்டியா?" என்று கேட்பார்கள். "ஆமா, வாடகை கம்மி" என்பாள். ஒரு வாரத்தில் ரஸ்க் பெட்டிக்குள் மத்தியானத் தூக்கம் போட ஆரம்பித்தது. பக்கத்தில் அவள் இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

6

பல்லாவரத்தில் விமானச் சரக்கு அனுப்பும் ஆபீஸில், ஏஜென்ட் வந்து பெட்டியைப் பார்க்க வேண்டும் என்றார்கள். பார்க்க வந்தவர் பெட்டியைப் பார்த்ததும் டேப்பையே எடுக்கவில்லை.

"இது ஆகாது மேடம்."

"சின்னதா சார்?"

"பெருசு. நாய் எழுந்து நிக்கணும், திரும்பணும், படுக்கணும். அதுக்கு மேல ஒரு இஞ்ச் கூட வேண்டாம். ப்ளேன் ஆடுச்சுன்னா இந்தப் பெட்டியில நாய் உருண்டு உருண்டு அடிபடும். இறுக்கமா இருந்தாத்தான் அதுக்குப் பாதுகாப்பு."

மற்றவர்கள் உடம்புக்கு இருபது வருடம் துணி வெட்டியவள் நான். எனக்கு அது தெரியவில்லை.

காதர் பாய் தலையில் அடித்துக்கொண்டார். ஆனால் எடுத்துப்போய், நாலு பக்கமும் அறுத்து, அளவுக்குள் கொண்டுவந்துவிட்டார். ரவிக்கையைப் பிடித்துத் தைக்கிற மாதிரிதான். திரும்பி வந்தபோது அழகாக இருந்தது. தாளில் போட்ட கணக்குக்கு ஓர் அங்குலம் கூடவோ குறையவோ இல்லை. ஏஜென்ட் ஒப்புக்கொண்டார். என் விமானம் சனிக்கிழமை. நாயை வெள்ளிக்கிழமை மத்தியானமே அவர்களிடம் ஒப்படைத்துவிட வேண்டும்.

வெள்ளிக்கிழமை 'குட்டி யானை' என்று சொல்லும் சின்ன லாரி வாசலுக்கு வந்தது. டிரைவரும் இன்னொருவரும் இறங்கினார்கள். பெட்டியை வாசலில் வைத்துக் கதவைத் திறந்தேன். ரஸ்க் நேராகப் பெட்டிக்கு வந்தது. கதவருகே வந்து, நின்று, திரும்பி மல்லிகாவைப் பார்த்து வாலை ஆட்டியது. அவள் முதலில் நுழைவதற்காகக் காத்திருந்தது.

"போடி உள்ள" என்றாள் மல்லிகா. அது நகரவில்லை. பயம் இல்லை, அடம் இல்லை. பழக்கப்பட்ட முறைப்படி மரியாதையாக நின்றது, "நீங்கள் முதலில்" என்பது போல.

மல்லிகா முழங்காலிட்டுத் தலையை நுழைத்தாள். ஒரு தோளை நுழைத்தாள். அதற்கு மேல் போகவில்லை. "யக்கா, நீங்களும் ஃபாரின் போறீங்களா?" என்றார் டிரைவர். கூடியிருந்தவர்கள் சிரித்தார்கள். மல்லிகாவும் உள்ளிருந்தே சிரித்தாள். வெளியே வந்தபோது முகம் சிவந்து கண்ணில் தண்ணீர் இருந்தது. மரத்தூள் விழுந்துவிட்டது என்றாள்.

ரஸ்க் வாலை ஆட்டிக்கொண்டே இருந்தது.

"டைம் ஆவுது மேடம்" என்றார் டிரைவர். "ரெண்டு பேருமா தூக்கிப் போட்டுக் கதவச் சாத்திர்றோம். அஞ்சு நிமிஷம் கத்தும். அப்புறம் பழகிரும்."

இதே வாசலில் ஆறு வருடத்துக்கு முன் என் கணவர் அதையேதான் சொன்னார். நிவேதா சித்தியின் இடுப்பைக் கட்டிக்கொண்டு விடமாட்டேன் என்றாள். நான்தான் அவள் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தேன். டாக்ஸி கதவைச் சாத்தினோம். அஞ்சு நிமிஷம் அழுவா, பழகிடும் என்றார். அழுகை நின்றது பல்லாவரம் தாண்டித்தான். பழகவும் இல்லை. நின்றது பேச்சுதான்.

டிரைவர் குனிந்து ரஸ்க்கின் வயிற்றுக்கடியில் கை கொடுத்தார்.

"வேணாம்" என்றேன்.

என் குரல் எனக்கே பெரிதாகக் கேட்டது. தெரு முழுவதும் திரும்பிப் பார்த்தது.

"இன்னாக்கா?" என்றாள் மல்லிகா.

"வேணாம். இங்கயே இருக்கட்டும்."

"பைத்தியமா ஒங்களுக்கு? இம்மாம் பாடுபட்டுட்டு... பாப்பா காத்துகினு இருக்குமே! அண்ணே, நீங்க தூக்குங்க, நான் கூட வந்து வுட்டுட்டு..."

"வேணாம்னா வேணாம் மல்லிகா."

அவள் விறுவிறுவென்று மாடிக்குப் போய்விட்டாள். கொஞ்ச நேரம் குழாயில் தண்ணீர் கொட்டும் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. ரஸ்க் படியேறி அவள் பின்னால் போனது.

பெருந்தன்மையில் செய்தேன் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. என் வீட்டில் மல்லிகாவை நினைத்து ஏங்க ஏற்கெனவே ஒருத்தி இருக்கிறாள். இன்னொன்றையும் கொண்டுபோய் வைத்துக்கொண்டு, அது ஜன்னல் பக்கம் திரும்பிப் படுப்பதைத் தினமும் பார்க்க எனக்குத் தெம்பு இல்லை. காரணம் அதுதான்.

சாயங்காலம் மகளுக்குப் போன் செய்தேன். பெட்டி சரியில்லை, விமானத்தில் மறுத்துவிட்டார்கள் என்று சொல்லிவிடலாம் என்றுதான் எண்களை அழுத்தினேன். அவள் குரலைக் கேட்டதும் நடந்ததை அப்படியே சொன்னேன். என் மகளிடம் ஒரே மூச்சில் அவ்வளவு நேரம் நான் பேசியதே இல்லை.

"புடிச்சுத் தள்ளினாங்களா?" என்று கேட்டாள். தமிழில் கேட்டாள்.

"இல்லடா. தள்ள விடல."

கொஞ்ச நேரம் மூக்கை உறிஞ்சினாள். "சரிம்மா" என்றாள். நான் அடுத்த வார்த்தையைத் தேடிக்கொண்டிருந்தேன்.

"சித்திகிட்ட குடு" என்றாள்.

மாடிக்குப் போய் அவளிடம் கொடுத்தேன். முக்கால் மணி நேரம் பேசினார்கள். நான் கீழே வந்து என் துணிகளை மடித்துப் பயணப் பெட்டியில் அடுக்கினேன்.

மறுநாள் காலை கொழுந்தனார் என்னை மீனம்பாக்கத்தில் கொண்டுபோய் விட்டார். விமானம் ஒன்றரை மணி நேரம் தாமதம்.